இரண்டாவது மாங்கனி: பழைய ஆட்டங்களும் போலச் செய்தலும்

பழைய டிவி கேமைக் கம்ப்யூட்டரில் ஆடுவதைப் பற்றி ஸீரியஸாக எழுத என்ன இருக்கிறது என்று கேட்பவர்கள் உண்டு. ஒரு மூலம், அதன் பிரதி, பிரதியை மூலமென்று நம்பவைக்கும் உபாயம், நம்ப மறுக்கும் ஒரு ஆள் - இவ்வளவும் ஓரிடத்தில் கூடினால் அங்கே விமர்சனத்துக்கு வேலை இருக்கிறது. எமுலேட்டர் என்ற ப்ரோகிராமில் இவ்வளவும் கூடியிருக்கின்றன. மூலத்துக்கு விசுவாசம், தழுவல், உருவம், உள்ளடக்கம் என்று நாம் இலக்கியத்தில் புகைமூட்டமாகப் பேசிக்கொண்டிருக்கும் விஷயங்கள் பலவற்றுக்கு அதன் மெனுவில் ஒரு பொத்தான் இருக்கிறது. அழுத்திப் பார்த்துவிட்டு அபிப்ராயம் சொல்லலாம். இலக்கியத்தில் இந்த வசதி கிடையாது.

எமுலேட்டர் செய்வது ஒரு பொய் சொல்லல். நிண்டெண்டோ கம்பெனி ஜப்பானில் 1983 ஜூலையில் விற்க ஆரம்பித்த ஃபேமிலி கம்ப்யூட்டர் என்ற பெட்டியை எடுத்துக்கொள்வோம். பிற்பாடு அமெரிக்காவில் நெஸ் என்ற பெயரில் போனது இதுதான். 6502 வகையைச் சேர்ந்த ஒரு சிப், வினாடிக்குச் சுமார் 17 லட்சத்து 90 ஆயிரம் துடிப்பு, வேலை செய்ய 2 கிலோபைட் நினைவு, படம் வரைய இன்னொரு சிப். இன்றைய கம்ப்யூட்டருக்கு இந்தப் பாஷை தெரியாது. எமுலேட்டர் நடுவில் உட்கார்ந்து, கேசட்டிலிருந்து உரித்தெடுத்த ப்ரோகிராமிடம் 'நான்தான் அந்தப் பெட்டி' என்கிறது. ப்ரோகிராம் கேட்கிற கேள்விகளுக்கெல்லாம் பெட்டி எப்படிப் பதில் சொல்லியிருக்குமோ அப்படியே சொல்லவேண்டும். பதில் மட்டுமல்ல, பதில் சொல்ல எடுத்துக்கொண்ட நேரமும் அதுவாக இருக்கவேண்டும். ப்ரோகிராம் நம்பிவிட்டால் ஆட்டம் ஓடும். 1985இல் வந்த 'சூப்பர் மாரியோ ப்ரதர்ஸ்' முழுவதும் 40 கிலோபைட். இந்தக் கட்டுரையைத் தமிழ் யூனிகோடில் சேமித்தால் அதைவிட அதிக இடம் பிடிக்கும்.

நிறுவுவது பத்து நிமிஷ வேலை. மெசென், எஃப்சிஇயூஎக்ஸ் என்று நிண்டெண்டோவுக்கென்றே இலவசமாகக் கிடைக்கும் ப்ரோகிராம்கள் இருக்கின்றன. பல பெட்டிகளின் எமுலேட்டர்களை ஒரே கூரைக்குள் வைக்கும் ரெட்ரோஆர்ச் இருக்கிறது. ரோம் கோப்பை - கேசட்டின் உள்ளடக்கம் அதுதான் - திறக்கவேண்டும். யூஎஸ்பியில் சொருகும் ரிமோட் ஒன்று இருந்தால் எந்த விசை எதற்கென்று சொல்லிக்கொடுக்க வேண்டும். சோனியின் பிளேஸ்டேஷன் போன்ற பிற்காலப் பெட்டிகளுக்குப் பெரும்பாலும் அந்தப் பெட்டியின் சொந்தத் துவக்க ப்ரோகிராமும் தனியாக வேண்டியிருக்கும். அவ்வளவுதான். மாரியோ ஓடுவான். ஆடிப் பார்த்தவர் 'அப்படியே இருக்கு' என்று சொல்லிவிட்டு எழுந்து போய்விடுவார். அந்த 'அப்படியே' என்ற வார்த்தையோடுதான் எனக்குச் சண்டை.

காரைக்கால்காரனுக்கு இந்த இடத்தில் ஒரு கதை ஞாபகம் வராமல் போகாது. ஆனிப் பௌர்ணமியில் பிச்சாண்டவர் வீதியுலா வரும்போது மாடிகளிலிருந்து மாம்பழங்களை இறைக்கிறோம். அம்மையாரின் பக்தியைப் பற்றி வருஷா வருஷம் பேசுகிறோம். பரமதத்தனைப் பற்றி யாரும் பேசுவதில்லை. பயந்து கப்பலேறிப் போனவன் என்று ஒதுக்கிவிட்டோம். என் கட்சி வேறு. சேக்கிழார் சொல்கிற கதையில், இரண்டாவது மாங்கனியை வாயில் வைத்ததும் இது முன்னதல்ல என்று கண்டவன் அவன் ஒருவன்தான். பழம் ருசி குறைந்திருந்தால் அவன் வாயைத் திறந்திருக்க மாட்டான். ருசி அதிகமாக இருந்ததுதான் அவனுக்கு உறுத்தியது. இது எங்கே கிடைத்தது என்று கேட்டான். விமர்சனத்தின் முதல் கேள்வி அதுதான்.

எமுலேட்டர் பத்து நிமிஷத்தில் கொடுப்பது இந்த இரண்டாவது மாங்கனி. படம் கத்தியால் வெட்டியதுபோல் இருக்கிறது. துளி இரைச்சல் இல்லை. நிறங்கள் பளீரென்று இருக்கின்றன. மேலும் மேலும் இனிப்பாக்க மெனுவில் வசதிகள் உண்டு. உதாரணத்துக்கு ஒன்று. பழைய பெட்டியின் படச் சிப் திரையின் ஒரு கிடைவரியில் எட்டு நகரும் உருவங்களுக்கு மேல் வரையமுடியாதது. ஒன்பதாவது வந்தால் அது மறைந்துபோகும். எந்த உருவமும் முழுக்கக் காணாமல் போகாமலிருக்க ப்ரோகிராம் எழுதியவர்கள் வரிசையை ஒவ்வொரு சட்டகத்திலும் மாற்றிப் போட்டார்கள். அதனால் கூட்டம் சேர்ந்தால் எல்லாரும் விட்டு விட்டு மின்னுவார்கள். எமுலேட்டரில் 'எட்டு என்ற வரம்பை நீக்கு' என்று ஒரு கட்டம் இருக்கிறது. டிக் போட்டால் மின்னல் நின்றுவிடும். முன்னேற்றம் என்று சந்தோஷப்படலாம். ஆனால் 'லெஜண்ட் ஆஃப் செல்டா'வில் நாயகன் நிலவறையின் மேல் கீழ் வாசல்களில் நுழையும்போது அவன் உடம்பை மறைக்க அதே வரம்பைத்தான் உபாயமாக்கியிருக்கிறார்கள்: கண்ணுக்குத் தெரியாத எட்டு உருவங்களை அந்த வரிகளில் முன்னால் நிறுத்திவிட்டால் அவன் ஒன்பதாவதாகி மறைந்துவிடுவான். வரம்பை நீக்கினால் அவன் வாசல் சுவரின்மேல் அசட்டுத்தனமாக மிதப்பான். ஊனம் என்று நாம் நினைத்ததை யாரோ ஒருவர் தம் இலக்கணமாக்கிக்கொண்டிருக்கிறார். வெண்பாவின் கட்டுகளை நீக்கிவிட்டால் அர்த்தம் இன்னும் தெளிவாகும் என்று சொல்பவரிடம் என்ன பேசுவது?

நிறமும் இப்படியே. 'சூப்பர் மாரியோ'வின் வானம் என்ன நிறம்? நீலமா, ஊதாவா? எமுலேட்டரில் நிறத்தட்டுகள் என்று ஒரு பட்டியல் இருக்கிறது. ஒன்றில் நீலம், இன்னொன்றில் ஊதா. இது அலட்சியத்தால் வந்த குழப்பமல்ல. அந்தச் சிப் சிவப்பு, பச்சை, நீலம் என்று பிரித்து எண் எதையும் கொடுக்கவில்லை. டிவிக்கு ஒரு மின்னலையை அனுப்பியது. அதை நிறமாகப் படித்தது அவரவர் வீட்டு டிவி. மூல நிறம் என்ற ஒன்று பெட்டிக்குள் கிடையவே கிடையாது. வாசிப்பில்தான் அர்த்தம் பிறக்கிறது என்று நாம் சொல்லிக்கொண்டிருக்கும் விஷயம் ஒரு சாலிடெயர் டிவியின் முதுகுப்புறத்தில் ஸ்தூலமாக நடந்துகொண்டிருந்தது.

இன்னொரு கோடியில் துப்பாக்கி ஆட்டம். வாத்து சுடுவது. துப்பாக்கியிலிருந்து ஒன்றும் புறப்படுவதில்லை; அது ஒரு கண். விசையை இழுத்ததும் திரை ஒரு கணம் முழுக்கக் கறுப்பாகி, வாத்து இருந்த இடம் மட்டும் வெள்ளைச் சதுரமாகும். துப்பாக்கி அந்த வெளிச்சத்தைப் பார்த்தால் வாத்து விழும். இதற்குக் குழாய் டிவியின் எலெக்ட்ரான் கற்றை அந்தந்தக் கணத்தில் வரைந்தாக வேண்டும். இன்றைய தட்டையான திரைகள் படத்தை வாங்கி, வைத்திருந்து, தாமதமாகக் காட்டுபவை. பழைய பெட்டியையும் பழைய துப்பாக்கியையுமே இணைத்தாலும் வாத்து சாகாது. எமுலேட்டரில் மௌஸ் அம்புக்குறியால் சுடலாம். அது ஓடுகிறது, மதிப்பெண் ஏறுகிறது. ஆனால் கையை நீட்டிக் குறிபார்த்துச் சுட்ட ஆட்டம் அதில் இல்லை. படிக்க முடிகிற எழுத்தெல்லாம் உயிரோடிருக்கிற எழுத்து என்று சொல்லிவிட முடியாது.

இவ்வளவும் தெரிந்தவர்கள் இருக்கிறார்கள். அவர்கள் சுத்தவாதிகள். அவர்கள்மேல் எனக்கு மரியாதை உண்டு. பையூ என்றும் பிறகு நியர் என்றும் புனைபெயர் வைத்துக்கொண்ட ஒருவர் 2004 முதல் சூப்பர் நிண்டெண்டோவுக்கு பிஎஸ்னெஸ் என்ற எமுலேட்டரை எழுதினார், 2021இல் இறந்துபோனார். அவர் எடுத்துக்காட்டிய உதாரணம் ஒன்று: 'ஸ்பீடி கொன்ஸாலெஸ்' என்ற ஆட்டத்தில் ஒரு கட்டத்தில் ஒரு பொத்தானை மிதிக்கவேண்டும். எமுலேட்டர்களில் அங்கே ஆட்டம் உறைந்துபோயிற்று. காரணம், ப்ரோகிராம் எழுதியவரின் பிழை: ஒன்றுமே இல்லாத ஒரு முகவரியிலிருந்து படிக்கச் சொல்லிவிட்டார். நிஜப் பெட்டியில் அப்போது கம்பியில் எஞ்சி நிற்கும் கடைசி மதிப்பு கைக்கு வரும். அதன் தயவில் ஆட்டம் பிழைத்துப் போனது. அந்தத் தற்செயலையும் போலச் செய்தால்தான் எமுலேட்டர் அந்தக் கட்டத்தைத் தாண்டும். மூலத்தின் பிழையையும் மதித்து எடுத்துக்கொள்ளும் இந்த விசுவாசம் நம் பதிப்பாசிரியர்களில் எத்தனை பேரிடம் இருக்கிறது?

எதிர்க்கட்சி 1999இல் கிளம்பியது. அல்ட்ராஹெச்எல்இ என்ற எமுலேட்டர், அன்றைய சாதாரண பென்டியத்தில் நிண்டெண்டோ 64 ஆட்டங்களை ஓட்டிக்காட்டியது. பெட்டி அப்போது கடையில் விற்றுக்கொண்டிருந்த பெட்டி. எப்படி முடிந்தது? சிப்பின் ஒவ்வொரு அசைவையும் பின்பற்றவில்லை. ஆட்டம் என்ன செய்ய விரும்புகிறது என்று ஊகித்து - 'ஒரு முக்கோணம் வரை' என்கிறாயா, சரி - அதைத் தன் வழியில் வரைந்துவிட்டது. சில ஆட்டங்கள் அமோகமாக ஓடின. மற்றவை ஓடவே இல்லை. மொழிபெயர்ப்பா தழுவலா என்று புதுமைப்பித்தன் சண்டை போட்ட அதே விவகாரம். அவர் தழுவலுக்குப் பரம எதிரி. தழுவல் வாசகனைக் கஷ்டப்படுத்தாது, கம்ப்யூட்டரையும் கஷ்டப்படுத்தாது. கஷ்டப்படாத இடத்தில் மூலத்தின் ஏதோ ஒன்று காணாமல் போயிருக்கிறது.

இதுவரை நான் சுத்தவாதியின் பக்கம். இனிமேல் இல்லை.

ஏனென்றால் சுத்தவாதிக்கு மூலம் எது என்பதில் சந்தேகமே கிடையாது: ஜப்பானில் அல்லது அமெரிக்காவில் நிண்டெண்டோ விற்ற பெட்டி. நமக்கு? காரைக்காலில் தொண்ணூறுகளில் ஆடிய பிள்ளைகளில் பெரும்பாலோர் அந்தப் பெட்டியைக் கண்ணால் பார்த்ததில்லை. சிங்கப்பூரிலிருந்தோ வளைகுடாவிலிருந்தோ வந்தவர்களின் சாமானோடு ஒரு பெட்டி வந்தது. சென்னை பர்மா பஜாரிலிருந்து ஒன்று வந்தது. லிட்டில் மாஸ்டர், மீடியா என்று கடைகளில் வாங்கியது ஒன்று. எல்லாம் நிண்டெண்டோவின் குளோன்கள். பிரான்ஸில் உறவு இருந்த வீடுகளில் அசல் வர வாய்ப்பிருந்தது. ஆனால் அங்கே விற்ற நெஸ், அந்த நாட்டு டிவிக்கென்று இருபத்தோரு முனைச் சொருகி வழியே படம் தந்தது. நம் டிவியின் ஆன்டெனா துளையில் அதை என்ன செய்வது? 1739 முதல் 1954 வரை பிரெஞ்சுக் கொடி பறந்த ஊரில், பிரெஞ்சு அசல் உள்ளே நுழைய முடியாமல் நிற்க, தைவான் போலி ராஜாவாக உட்கார்ந்தது. (கொடி போன பின்பும் சிவப்புக் கேப்பி மட்டும் போலீஸ்காரர் தலையில் தங்கிவிட்ட ஊர் இது. உடல் போய் நடத்தை நிற்பது எமுலேட்டர் வருமுன்பே நமக்குப் பழக்கம்.)

போலியில் என்ன வித்தியாசம் என்று கேட்கலாம். வித்தியாசம் காதில் இருக்கிறது. ஜப்பானிலும் அமெரிக்காவிலும் டிவி வினாடிக்கு 60 சட்டகம். நமக்கும் ஐரோப்பாவுக்கும் 50. ஆட்டங்கள் சட்டகத்தை எண்ணித்தான் நகர்கின்றன, பாடுகின்றன. ஐரோப்பாவுக்கென்று நிண்டெண்டோ செய்த பெட்டியில் சிப்பின் துடிப்பையும் குறைத்தார்கள். சுமார் 16 லட்சத்து 60 ஆயிரம். ஆகவே திருத்தி எழுதாத ஆட்டம் அங்கே ஆறில் ஒரு பங்கு மந்தமாகவும் ஓடியது, பாட்டின் சுருதியும் ஒரு ஸ்வரஸ்தானத்துக்கு மேல் இறங்கியது. தைவானின் யுஎம்சி போன்றவர்கள் 50 சட்டக நாடுகளுக்கென்று செய்த குளோன் சிப்புகள் வேறு வழியில் போயின. துடிப்பு 17 லட்சத்து 70 ஆயிரம், கிட்டத்தட்ட ஜப்பானியத் துடிப்பு. சட்டகம் மட்டும் 50. கேசட்டுகளோ ஜப்பானிய ஆட்டங்களின் நகல்கள். விளைவு: சுருதி மாறவில்லை, காலப்பிரமாணம் மட்டும் விளம்பமாயிற்று. மாரியோவின் பாட்டு டோக்கியோவில் கேட்ட மாதிரியும் இல்லை, லண்டனில் கேட்ட மாதிரியும் இல்லை. இதோடு இன்னொன்று: பல குளோன் சிப்புகளில் ஒலி அலையின் இரண்டு வடிவங்கள் இடம் மாறிப் போயிருந்தன. செய்தவர்கள் கம்பியை மாற்றிக் கொடுத்துவிட்டார்கள். கிளாரினெட்டின் பொந்தான குரல் வரவேண்டிய இடத்தில் நாயனத்தின் மூக்குக்குரல் வந்தது. நாயனம் வேண்டிய இடத்தில் கிளாரினெட். பல லட்சம் பிள்ளைகள் அதைத்தான் பாட்டென்று கேட்டு வளர்ந்தார்கள்.

ஆகவே, அப்பழுக்கில்லாத எமுலேட்டரை அதன் இயல்பான அமைப்பில் - 60 சட்டகம், ஜப்பானிய ஒலி - ஓட்டினால் காரைக்கால்காரனுக்குக் கிடைப்பது அவன் ஒருபோதும் ஆடாத ஆட்டம். வேகமாக ஓடுகிறது, 'வயசாயிடுச்சு, கை வரலை' என்கிறான். கை சரியாகத்தான் இருக்கிறது. தாளம்தான் அவனுடையதில்லை.

அவனுடைய தாளம் எமுலேட்டரில் உண்டா என்றால், உண்டு. இங்கேதான் எனக்கு மனசு கசக்கிறது. மெசென், எஃப்சிஇயூஎக்ஸ் இரண்டிலும் பிரதேசத்தைத் தேர்ந்தெடுக்கும் இடத்தில் அமெரிக்க-ஜப்பானிய முறை, ஐரோப்பிய முறை, பிறகு மூன்றாவதாக 'டென்டி' என்று ஒரு பெயர் இருக்கிறது. டென்டி ஒரு ரஷ்யக் குளோன். ஸ்டீப்ளர் என்ற கம்பெனி 1992 கடைசியில் மாஸ்கோவில் விற்க ஆரம்பித்தது. அதன் சிப்பும் அந்தத் தைவான் வம்சம்தான். ஒலி அமைப்பில் இரண்டு வடிவங்களையும் இடம் மாற்றிப்போடும் கட்டமும் தனியாக இருக்கிறது. மெசென் அதைப் பழைய குளோன்களைப் போலச் செய்வதற்கு என்று வெளிப்படையாகவே எழுதியிருக்கிறது. ரஷ்யப் பிள்ளைகள் வளர்ந்து, தங்கள் பெட்டியைப் பிரித்து, அளந்து, எங்கள் மூலம் இந்தப் போலிதான் என்று வெட்கப்படாமல் எழுதி வைத்தார்கள். அதனால் மெனுவில் அவர்களுக்கு ஒரு வரி கிடைத்தது. அவர்கள் அளந்த அளவில் நம் பால்யமும் தற்செயலாக அடங்குகிறது. நாம் அளக்கவில்லை. நாம் அதைக் குப்பையென்றும் பிள்ளை விளையாட்டென்றும் நினைத்தோம். இப்போது கொஞ்சம் காசு வந்ததும் அசலை வரவழைத்து அலமாரியில் வைத்துக்கொண்டு, அதுதான் எப்போதும் நம்மிடம் இருந்தது என்று பாவனை செய்கிறோம். இந்தப் பாவனை இலக்கியத்திலும் நாம் அறிந்ததுதான். கூழைக் குடித்து வளர்ந்தவன் தன் பால்யத்துக்கு கேக் வாசனை ஏற்றிக் கவிதை எழுதுவான்.

கேசட்டுகள் விஷயம் இன்னும் மோசம். '9999999 இன் 1' என்று மேலே அச்சடித்த மஞ்சள் கேசட்டுகள் நினைவிருக்கும். உள்ளே நிஜமாக இருந்தவை சில ஆட்டங்கள்தான். அவையே பெயர் மாறி, தொடங்கும் கட்டம் மாறி, திரும்பத் திரும்ப வரும். ஒன்றில் மாரியோ நேராக ஐந்தாவது உலகத்தில் இறங்குவான். இன்னொன்றில் 'கான்ட்ரா' முப்பது உயிரோடு ஆரம்பிக்கும். கொனாமி கம்பெனியின் பெயர் முதல் திரையிலிருந்து சுரண்டப்பட்டிருக்கும். ஏமாற்று என்று ஒதுக்குவது சுலபம். நான் இதைப் பாடபேதம் என்பேன். யாரோ பெயர் தெரியாத ஏடெழுதி ஒருவன் எங்கோ ஒரு தொழிற்சாலையில் இருந்துகொண்டு, கஷ்டமான ஆட்டத்தை நம் பிள்ளைகள் கடைசிவரை பார்க்கும்படி முப்பது உயிர் கொடுத்தான். 'கான்ட்ரா'வின் கடைசிக் கட்டத்தை இந்தப் பிரதேசத்தில் பார்த்தவர்களில் பலர் அவனுக்குத்தான் நன்றி சொல்லவேண்டும். உ.வே. சாமிநாதையர் பிரதிபேதங்களைத் தூக்கியெறியவில்லை, பக்கத்தின் அடியில் கொடுத்தார். ஆனால் ரோம் கோப்புகளைப் பட்டியலிடும் சுத்தவாதிகளுக்கு அதிகாரபூர்வமான வெளியீடுதான் தலைமை. திருட்டுப் பிரதிகள் கொல்லைப்புறத்தில். அந்தக் கொல்லைப்புறத்தில்தான் நாம் குடியிருந்தோம்.

அமெரிக்காவில் 2010க்கு முன் வெளியான ஆட்டங்களில் 87 சதவீதம் இன்று கடையில் வாங்கக் கிடைக்காது என்று வீடியோ கேம் ஹிஸ்டரி ஃபவுண்டேஷன் 2023இல் கணக்குச் சொன்னது. அது முறையாக வெளியான ஆட்டங்களின் கணக்கு. மஞ்சள் கேசட்டுகள் எந்தக் கணக்கிலும் வரவில்லை.

சட்டத்தைப் பற்றியும் சொல்லவேண்டும், ஏனென்றால் அங்கே ஒரு வேடிக்கை இருக்கிறது. எமுலேட்டர் எழுதுவது குற்றமல்ல. பிளேஸ்டேஷனைப் போலச் செய்த கனெக்டிக்ஸ் கம்பெனிக்கு எதிராக சோனி போட்ட வழக்கில் 2000இல் அமெரிக்க மேல்முறையீட்டு நீதிமன்றம் பெட்டியின் உள்ளமைப்பைப் பிரித்துப் படித்தது நியாயமான உபயோகம் என்றது. அதற்காக ஆபத்தில்லை என்று அர்த்தமில்லை: 2024இல் ஸ்விட்ச் பெட்டியின் எமுலேட்டரான யூஸு மீது நிண்டெண்டோ வழக்குப் போட, 24 லட்சம் டாலர் கொடுப்பதாக ஒப்புக்கொண்டு அவர்கள் கடையைச் சாத்தினார்கள். (அதே நிண்டெண்டோ 2016இல் விற்ற குட்டி நெஸ்ஸுக்குள் இருந்ததும் ஒரு எமுலேட்டர்தான். சோனி 2018இல் விற்ற குட்டி பிளேஸ்டேஷனுக்குள் இருந்தது வெளியார் இலவசமாக எழுதிக்கொடுத்த எமுலேட்டர். அதில் சில ஆட்டங்களை 50 சட்டகப் பிரதிகளாகப் போட்டார்களென்று மேல்நாட்டு விமர்சகர்கள் கரித்துக்கொட்டினார்கள். அவர்களுக்கு அது ஊனம்.) ரோம் கோப்புதான் சிக்கல். நம் பதிப்புரிமைச் சட்டம் 1957இன் 52ஆம் பிரிவு, கம்ப்யூட்டர் ப்ரோகிராமின் பிரதியைச் சட்டப்படி வைத்திருப்பவர் பாதுகாப்புக்காக நகல் எடுத்துக்கொள்ள அனுமதிக்கிறது. சட்டப்படி வைத்திருப்பவர்! பிறவியிலேயே திருட்டுப் பிரதியான மஞ்சள் கேசட்டை அப்பா காசு கொடுத்துக் கடையில் வாங்கித்தந்தார். வைத்திருப்பவன் சட்டத்தின் கண்ணில் யார்? நகல் எடுக்கும் உரிமை அசல் வைத்திருந்தவனுக்கு உண்டு, அசலே கிடைக்காதவனுக்கு இல்லை.

எமுலேட்டரில் எனக்குப் பிடிக்காத வசதி ஒன்று உண்டென்றால், எந்தக் கணத்தையும் அப்படியே பிடித்துவைத்துத் திரும்ப அங்கிருந்தே ஆரம்பிக்கும் வசதி. ஒரு செய்யுளின் ஒரே அடியைப் பத்துத் தடவை படித்துப் பார்ப்பதுபோல் ஒரு தாவலைப் பத்துத் தடவை தாவிப் பார்க்கலாம். ஆராய்கிறவனுக்கு அது நல்ல கருவி, மறுக்கவில்லை. ஆடுகிறவனுக்கு அது விஷம். மாரியோவுக்குச் சேமிப்பு கிடையாது. மூன்று உயிர், போனால் முதலிலிருந்து. அதற்கு மேல் நம் ஊரில் கரண்ட் என்று ஒரு எதிரி இருந்தது. ஜப்பானில் ஆட்டத்தை எழுதியவர்கள் அறியாத எதிரி. ஏழாவது உலகத்தில் நிற்கும்போது கரண்ட் போகும். இருட்டில் நாலு பையன்கள் ஒரு வார்த்தை பேசாமல் உட்கார்ந்திருப்பார்கள். ஆட்டத்தின் உருவத்தில் இந்த மௌனத்துக்கும் பங்குண்டு என்று சொன்னால் சிரிக்கலாம். சிரித்துவிட்டு, பிடித்துவைக்கும் விசையைத் தொடாமல் ஒரு வாரம் ஆடிப் பாருங்கள். விரலில் பழைய பயம் திரும்பி வருகிறதா இல்லையா என்று.

படத்தைப் பற்றி இன்னும் கொஞ்சம். 1982 பிப்ரவரியில் தொடங்கிய இலங்கை ரூபவாஹினியைப் பிடிக்க இந்தக் கடற்கரையில் மொட்டை மாடிகளில் உயரக் குழாய் நட்டு ஆன்டெனா வைத்தவர்கள் உண்டு. அந்தக் கம்பியைப் பிடுங்கிவிட்டு அதே துளையில்தான் டிவி கேமின் கம்பியைச் சொருகியது. பெட்டி தானே ஒரு குட்டி ஒளிபரப்பு நிலையம். சேனலைத் திருகித் திருகி அதைப் பிடிக்கவேண்டும். ஆகவே படத்தில் கரகரப்பும், ஓரங்களில் நிறக் கசிவும் இருந்தன. எமுலேட்டரில் குழாய் டிவியைப் போலச் செய்யும் வடிகட்டிகள் ஏராளம். ஆனால் பேர் பெற்றவற்றில் பல அமெரிக்க டிவி முறையின் கறைகளைப் பின்பற்றுபவை. கறையிலும் நமக்கு இரவல்தான். வடிகட்டி போடாமல் ஆடுவது இதைவிட யோக்கியமானது என்பது என் அபிப்ராயம்.

செய்யவேண்டியது என்னவென்று கேட்டால், கவிதை எழுதுவதல்ல. உப்புக்காற்றில் கேசட்டின் செப்புப் பற்கள் பச்சைக் களிம்பு பிடித்துக்கொண்டிருக்கின்றன. திறந்து பார்த்தால் பலவற்றில் கால் வைத்த சிப் இருக்காது. பலகையின்மேல் ஒரு கறுப்புப் பிசின் பொட்டு. அதற்கடியில் இருப்பது என்ன சிப் என்று எங்கும் எழுதியிருக்காது. பற்களைச் சுத்தம் செய்து, கேசட் படிக்கும் கருவியில் சொருகி, எந்த முகவரியில் எழுதினால் எந்த ஆட்டம் திறக்கிறது என்று ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்துத்தான் உள்ளடக்கத்தை எடுக்கமுடியும். எடுத்ததைச் சும்மா வைத்தால் போதாது: எந்த ஊரில், எந்தப் பெட்டியோடு, எந்த வருஷம் வாங்கியது, மேலே ஒட்டிய காகிதத்தில் என்ன எழுதியிருக்கிறது, எந்த ஆட்டம் எந்தக் கட்டத்தில் தொடங்குகிறது என்று கூடவே குறிக்கவேண்டும். பெட்டியையும் திறந்து சிப்பின் மேலுள்ள எண்ணைப் படித்துத் துடிப்பை அளக்கவேண்டும். இதற்குக் கம்ப்யூட்டர் படிப்பு கொஞ்சமும் பொறுமை நிறையவும் வேண்டும். பணம் அதிகம் வேண்டாம். பழைய ஏடு தேடிப் போனவர்களைப்போல வீடு வீடாகப் பரணைக் கேட்டுப் போகவேண்டியிருக்கும், அவ்வளவுதான்.

அதுவரைக்கும் என் மெஷினில் மெசென் இப்படி நிற்கிறது: பிரதேசம், டென்டி. ஒலி வடிவங்களின் இடமாற்றம், ஆம். உருவ வரம்பு நீக்கம், இல்லை. மேலே எட்டு வரியும் கீழே எட்டு வரியும் வெட்டு.  வடிகட்டி இல்லை. நிறத்தட்டு இன்னும் முடிவாகவில்லை. ஊதா வானம் ஒரு வாரம், நீல வானம் ஒரு வாரம். வாத்து ஆட்டத்தை அழித்துவிட்டேன்.